பொறுமைக்கல் போன இடம்

என் அண்ணி திருடி என்று ஒரு ராத்திரியும் முக்கால் பகலும் நான் முழுசாக நம்பினேன். இதை முதலிலேயே சொல்லிவிடுகிறேன். பின்னால் வேறு யாராவது சொல்லி நீங்கள் கேட்பதைவிட என் வாயாலேயே கேட்டுவிடுவது நல்லது.

எங்கள் கண்ணாடித் தொழிற்சாலையில் என் வேலை கலவை போடுவது. மணல், சோடா, சுண்ணாம்பு, அதோடு பழைய உடைசல். இந்த நாலையும் நான் அளந்து கலந்து கொட்டினால்தான் உலைக்காரர் உருக்குவார், ஊதுகிறவர்கள் ஊதுவார்கள், டம்ளர் பிறக்கும். இருபது வருஷத்தில் என் கலவைக்குள் ஒரு ஆணிகூடப் போனதில்லை. இதை வாரத்துக்கு இரண்டு தடவையாவது யாரையாவது பிடித்து வைத்துச் சொல்லுவேன். உலை இரைச்சலையும் தாண்டிக் கேட்கிற குரல் எனக்கு. அதனால் அங்கே எனக்கு 'வெடி' என்று பெயர்.

நாத்தனார் என்ற உரிமையில் அண்ணிக்கு நான் வைத்த பெயர் அமுக்குணி. என் அண்ணன் நெடுந்தூர லாரி ஓட்டுகிறவன். மாதத்தில் பத்து நாள் வீட்டில் இருந்தால் அதிகம். மீதி நாளெல்லாம் ஒரே வீட்டில், ஒரே சமையலறையில் நானும் அவளும்தான். பதினொரு வருஷம்! நான் நூறு வார்த்தை பேசினால் அவள் ஒன்று பேசுவாள். அந்த ஒன்றும் 'ம்' என்றுதான் இருக்கும். சரி, சண்டையாவது போடலாம் என்றால் ஒரு கை தட்டினால் ஓசை வருமா? வாய் பேசாதவர்களை நான் நம்புவதில்லை. உள்ளுக்குள் என்ன கணக்குப் போடுகிறார்கள் என்று யாருக்குத் தெரியும்? ஆனாலும் அண்ணன் கேட்டுக்கொண்டான் என்பதற்காக, மூன்று வருஷத்துக்கு முன்னால் மேனேஜரிடம் சொல்லி அவளுக்கு வேலை வாங்கிக்கொடுத்தது நான்தான். மேசைகளைத் துடைப்பது, உடைசல் பொறுக்குவது அவள் வேலை.

உடைசல் என்றால் குப்பை என்று நினைத்துவிடாதீர்கள். உடைந்த டம்ளரும் கோணிய டம்ளரும்தான் மறுநாள் கலவைக்கு உயிர். மணலைவிடச் சீக்கிரம் உருகி, மணலையும் கூட இழுத்துக்கொண்டு போகும். அதனால் எங்களிடம் ஒரு சட்டம் உண்டு. பட்டறைச் சுவரில் ஆள் உயரத்துக்குச் சிவப்பு எழுத்தில் எழுதிவைத்திருக்கிறோம்: 'சங்கு ஊதிய பிறகு மேசைமேல் இருக்கும் கண்ணாடி உலைக்கே சொந்தம்.' ஐந்து மணிக்குச் சங்கு ஊதும். முழு டம்ளராக அடுக்குக்குப் போகாத எதுவும் கூடைக்குப் போகும். அதில் சந்தேகமான துண்டு ஏதாவது கண்ணில் பட்டால், கல்லோ கம்பியோ நிறம் மாறியதோ, அதைத் தனியாக ஒரு சிவப்பு டப்பாவில் போட வேண்டும். அந்த டப்பாவை நான் வெளிச்சத்தில் பிடித்துப் பார்த்து ஆகும், ஆகாது என்று பிரிக்க வேண்டும். அது என் பொறுப்பு. என் பொறுப்பு மட்டும்தான்.

அந்தச் செவ்வாய்க்கிழமை மத்தியானம் ஒருவர் காரில் வந்து இறங்கினார். கையில் வெல்வெட் பெட்டி. ஐந்து நிமிஷத்துக்குள் தொழிற்சாலை முழுக்க அவர் வெல்வெட்காரர் ஆகிவிட்டார். வாசல்காரர் ஓடிவந்து என்னிடம்தான் முதலில் சொன்னார்.

"வெடி, கூத்தைக் கேளு. பெட்டிக்குள்ள என்னன்னு கேட்டா வாயே தெறக்கல. நோட்டுல எழுதுங்க சார்னு பேனாவைக் குடுத்தேன். கண்ணாடித் துண்டு ஒண்ணுன்னு எழுதிக் கையெழுத்துப் போட்டாரு. கண்ணாடித் துண்டுக்கு எதுக்குய்யா வெல்வெட்?"

"எதுக்கோ. அவரு வீட்டுத் தொடப்பத்துக்குப் பட்டுக் குஞ்சமா இருக்கும்" என்றேன்.

ஆனால் பெட்டியைத் திறந்ததும் என் வாயும் மூடிக்கொண்டது. உள்ளே இருந்தது ஒரு கல். கைப்பிடி அளவு, லேசாகப் பச்சை ஓடியது, ஓரமெல்லாம் சில்லு பெயர்ந்தது. அதைப் பட்டறை மேசையில் ஒரு துணியை விரித்து வைத்தார். ஒரு தீக்குச்சியைக் கிழித்து, கல்லுக்குப் பக்கத்தில் மெழுகில் குத்தி நிறுத்தினார்.

"பாருங்க" என்றார்.

பார்த்தோம். தீக்குச்சி எரிந்தது. எரிந்தது. எரிந்துகொண்டே இருந்தது. சுடர் ஆடக்கூட இல்லை, சோம்பல் முறிப்பது போல் மெல்ல வளைந்து நிமிர்ந்தது. அவர் அந்தக் கல்லின் கதையை முழுக்கச் சொல்லி முடித்து, நாங்கள் கேள்வி கேட்டு, அவர் பதிலும் சொல்லி முடிக்கும் வரை ஒரு குச்சியில் கால்வாசிகூடக் கருகவில்லை.

"இதுக்குப் பேரு பொறுமைக்கல். இதைச் சுத்தி ஒரு சாண் தூரத்துக்கு நேரம் மெதுவாத்தான் போகும். வெட்டின பழத்தைப் பக்கத்துல வெச்சா ஒரு மாசம் வாடாது. உலகத்துல இது ஒண்ணே ஒண்ணுதான்" என்றார் வெல்வெட்காரர். அவரே அதை அதிக நேரம் கையில் வைத்திருப்பதில்லையாம். ஒரு தடவை மடியில் வைத்துக்கொண்டு ரயிலில் போனவர், இறங்க வேண்டிய இடத்தைத் தாண்டி மூன்று ஸ்டேஷன் போய்விட்டாராம்.

எல்லாரும் வாயைப் பிளந்து நின்றார்கள். என் நாக்கு சும்மா இருக்குமா?

"எல்லாம் சரி சார். ஆனா பாக்க எங்க டம்ளர் அடி மாதிரியே இருக்கு. உடைசல் கூடைக்குள்ள விழுந்தா பெத்த தாய்கூட அடையாளம் சொல்ல முடியாது" என்றேன்.

எல்லாரும் சிரித்தார்கள். வெல்வெட்காரர் சிரிக்கவில்லை. பல்லி சொன்ன மாதிரி அப்படியே பலிக்கும் என்று எனக்கு என்ன தெரியும்!

அந்தக் கல்லின் வடிவத்துக்கு அச்சாகப் பொருந்துகிற மாதிரி ஒரு கண்ணாடி மூடி வேண்டும் என்பதற்காகத்தான் அவர் வந்திருந்தார். அளவெடுக்கிற பொறுப்பு எங்கள் மூத்த ஊதுகாரருக்கு வந்தது. வயது வித்தியாசம் பார்க்காமல் எல்லாரும் அவரை மாமா என்றுதான் கூப்பிடுவோம். கல்லை அவரிடம் விட்டுவிட்டு வெல்வெட்காரர் மேனேஜரோடு அறைக்குப் போனார். மாமா கல்லைக் கட்டிப்பிடிக்காத குறையாகக் குனிந்து, வளைவு வளைவாக அளந்து எழுதினார். முடித்து நிமிர்ந்து கைக்கடிகாரத்தைப் பார்த்தார். நாலரை. சங்குக்கு இன்னும் அரை மணி நேரம் இருக்கிறது, ஒரு டீ குடித்துவிட்டு வந்துவிடலாம் என்று எழுந்து போனார்.

அவர் கடிகாரம் இரண்டு மணி நேரமாக அந்தக் கல்லுக்குப் பக்கத்தில் போவதும் வருவதுமாக இருந்தது. உண்மையில் அப்போது மணி ஐந்துக்கு இரண்டு நிமிஷம்.

சங்கு ஊதியது. அண்ணி மேசைகளைத் துடைத்தாள். நான் கலவை போட்டேன். உலைக்காரர் உலைவாயைச் சாத்தினார். ஐந்தரை மணிக்கு வெல்வெட்காரர் போட்ட அலறலில் கூரைத் தகடு அதிர்ந்தது.

அந்த மேசையில் கடைசியாகக் கை வைத்தவள் அண்ணிதான். அவள் பையைக் கவிழ்த்துக் கொட்டினார்கள். சாப்பாட்டு டப்பாவைத் திறந்து பார்த்தார்கள். "கொண்டைக்குள்ள வெச்சிருப்பா, அவுக்கச் சொல்லுங்க" என்றார் வெல்வெட்காரர். அத்தனை பேர் முன்னால் அவள் தலைமுடியை அவிழ்த்து விரித்துக் காட்டினாள். முகத்தில் ஒன்றும் தெரியவில்லை.

"நான் கல்லை எடுக்கல" என்றாள். அவ்வளவுதான்.

"இந்த மாதிரி ஊமைங்கதான் சார் ஊரைக் கொள்ளையடிக்கும்" என்று வெல்வெட்காரர் மேனேஜரிடம் சொன்னார். உடனே போலீசைக் கூப்பிட அவருக்கு மனமில்லை. இப்படி ஒரு கல் இருப்பது நாலு பேருக்குத் தெரிந்தால் நாற்பது திருடர்கள் வருவார்கள் என்ற பயம். "நாளைக்கு சாயங்காலம் சங்கு ஊதறதுக்குள்ள கல் என் கைக்கு வரணும். இல்லேன்னா இவ ஜெயிலுக்குப் போவா" என்றார்.

அவருக்குப் பரிந்து, அதாவது அவளுக்கு எதிராக, முதலில் தலையாட்டிய ஆள் யார் தெரியுமா? நான்தான். சிபாரிசு செய்த என் மானம் போகிறதே என்ற எரிச்சல்.

வீட்டுக்குப் போய்க் கேள்வி மேல் கேள்வியாகக் கேட்டேன். எங்கே ஒளித்தாய், யாருக்குக் கொடுத்தாய், அண்ணன் முகத்தில் எப்படி முழிப்பாய். அவள் பாத்திரம் கழுவினாள். வழியில் எங்கிருந்தோ அண்ணன் போன் செய்தான். "அவ எடுத்திருக்க மாட்டா. நீ பாத்துக்கோ" என்று மட்டும் சொன்னான். புருஷனும் பெண்டாட்டியும் வார்த்தையைச் செலவழிக்காமல் இருப்பதில் நல்ல ஜோடி.

மறுநாள் காலையில் தொழிற்சாலையே கொஞ்சம் விசித்திரமாக இருந்தது. உலைக்காரர் கண் சிவந்து உட்கார்ந்திருந்தார்.

"என்ன கலவை போட்ட நேத்து? விடிய விடிய உருகமாட்டேன்னு அடம் பிடிச்சுது. அப்புறம் திடீர்னு வெண்ணெய் மாதிரி எறங்கிடுச்சு."

"என் கலவையைக் குத்தம் சொல்லாதீங்க. இருபது வருஷத்துல ஒரு ஆணி..."

"தெரியும், தெரியும். போ."

பட்டறையில் மாமா ஒரே குஷியில் இருந்தார். குழல் நுனியில் உருண்ட கண்ணாடி எப்போதும் சில நொடிகளில் இறுக ஆரம்பித்துவிடும். இரண்டு தடவை, மூன்று தடவை திரும்ப உலையில் காட்ட வேண்டும். அன்றைக்கு ஒருமுறை எடுத்தால் போதும், இளகியபடியே இருந்தது. மாமா நடுவில் நிறுத்தி ஒரு முழு நகைச்சுவைக் கதையைச் சொல்லிவிட்டு, அதற்கு அவரே சிரித்தும் முடித்துவிட்டு ஊதினார். அப்போதும் கண்ணாடி அவருக்காகக் காத்திருந்தது.

"இன்னிக்கு கண்ணாடி சொன்ன பேச்சைக் கேக்குதுடா!" என்றார். பிறகு கைக்கடிகாரத்தை உதறிக் காதில் வைத்துப் பார்த்தார். "இந்த சனியன்தான் நேத்துலேர்ந்து அரை மணி பின்னாடி ஓடுது."

மொத்தம் முந்நூற்றுப் பன்னிரண்டு டம்ளர். ஒன்றுகூட உடையவில்லை, ஒன்றுகூடக் கோணவில்லை. என் காலத்தில் அப்படி நடந்ததே இல்லை. பெரிய ஆஸ்பத்திரிக்கு முந்நூறு, மத்தியானம் வேனில் ஏறிப் போனது. எந்த ஆர்டருக்கும் ஏற்றும்போது உடைந்தால் ஈடுகட்ட ஒரு டஜன் கூட ஊதி வைப்போம். உடையாவிட்டால் அந்த டஜன் எங்கள் டீக்கு.

மூன்று மணிக்கு அந்தப் புது டம்ளர்களில்தான் டீ ஊற்றினார்கள். எனக்கு ஒன்று எடுத்துக்கொண்டு குடிக்கப் போனேன். அதற்குள் மேனேஜர் கூப்பிட்டார்.

"கடைசியா நீ ஒரு தடவை அவகிட்ட நல்லபடியா பேசிப் பாரு. உன் அண்ணிதானே" என்றார்.

அண்ணி அவர் அறைக்கு வெளியே பெஞ்சில் உட்கார்ந்திருந்தாள். காலையிலிருந்து அங்கேயேதான். டம்ளரைக் கலவை அறை ஜன்னலில் வைத்துவிட்டுப் போய் அவள் பக்கத்தில் உட்கார்ந்தேன். நல்லபடியாகத்தான் ஆரம்பித்தேன். முடித்தபோது பட்டறை ஆட்கள் எட்டிப் பார்க்கிற அளவுக்குக் கத்திக்கொண்டிருந்தேன். அவள் தன் விரல்நகத்தைப் பார்த்துக்கொண்டிருந்தாள். நாக்கு வறண்டுபோய்க் கலவை அறைக்குத் திரும்பினேன். ஜன்னலில் டம்ளர் அப்படியே இருந்தது. ஆறிய டீயாவது தொண்டையை நனைக்கட்டும் என்று ஒரே மடக்காக வாயில் ஊற்றினேன்.

நாக்கு வெந்துபோனது.

கண்ணில் நீர் வந்துவிட்டது. சுவர்க் கடிகாரத்தைப் பார்த்தேன். நாலு மணி பத்து. மூன்று மணிக்கு ஊற்றிய டீ. டம்ளருக்குள் எட்டிப் பார்த்தேன். ஆவி நேராக எழும்பாமல், அவசரமே இல்லாமல், சோம்பல் முறிப்பது போல் மெல்ல வளைந்து நிமிர்ந்தது.

அந்த அசைவை நான் நேற்று ஒரு தீக்குச்சியில் பார்த்திருந்தேன்.

உருகாத கலவை. இறுகாத கண்ணாடி. பின்னால் ஓடும் கடிகாரம். ஆறாத டீ. ஒவ்வொன்றாக வந்து என் தலையில் குட்டியது. கடைசியாக வந்தது என் கையே. நேற்றுச் சங்கு ஊதியதும் நான் கலவை போட்ட நேரம். உலையடியில் ஆறேழு பேர். நான் வெல்வெட்காரர் மாதிரி மூக்கை உயர்த்தி நடந்து காட்டிக்கொண்டிருந்தேன். அவர்கள் வயிற்றைப் பிடித்துக்கொண்டு சிரித்தார்கள். சிரிப்புக் கேட்டால் எனக்குத் தலைகால் புரியாது. அந்த உற்சாகத்தில் கூடையைத் தூக்கிக் கொட்டினேன். அதே கையால் சிவப்பு டப்பாவையும் கவிழ்த்தேன். உள்ளே என்ன என்று பார்க்கவே இல்லை. 'ணங்' என்று கனமாக ஏதோ விழுந்ததுகூட இப்போது காதில் கேட்டது.

இருபது வருஷத்தில் ஒரு ஆணி போகாத என் கலவைக்குள், உலகத்தில் ஒன்றே ஒன்றான கல் போயிருந்தது.

பெஞ்சுக்கு ஓடினேன்.

"அண்ணி, நேத்து சிவப்பு டப்பால என்ன போட்டீங்க?"

அவள் நிமிர்ந்து பார்த்தாள்.  பிறகு சொன்னாள்.

"மேசையில கனமா ஒரு துண்டு கெடந்துச்சு. நம்ம கண்ணாடி மாதிரி இல்ல, சந்தேகமா இருந்துச்சு. உன் கண்ணுல படட்டும்னு டப்பால போட்டேன்."

"அது கல்லுன்னு தெரியாதா உங்களுக்கு?"

"நான் எங்க பாத்தேன்? அவரு வித்தை காட்டினப்ப நான் பின்னாடி குழாயடியில இருந்தேன்."

"சரி, அப்புறம் தேடினாங்களே, அப்ப புரிஞ்சிருக்குமே! டப்பால போட்டேன்னு ஒரு வார்த்தை சொல்லக்கூடாதா?"

"நீ பாக்காம கொட்டினதை நான் பாத்தேன். சொன்னா உன் வேலை போயிடும்."

எனக்குப் பேச்சு வரவில்லை. எனக்கு! வெடிக்கு!

"உங்க பேரு போகுதே அண்ணி" என்றேன் ஒருவழியாக.

"என் பேரு உன்கிட்ட பதினொரு வருஷமா போயிட்டுத்தானே இருக்கு. இன்னும் ஒரு நாள் போனா என்ன?"

அவள் அதைக் கோபமாகக்கூடச் சொல்லவில்லை. அதனால்தான் அது எனக்குச் சுருக்கென்று தைத்தது. அந்தப் பதினொரு வருஷமும் அவள் உள்ளுக்குள் என்ன கணக்குப் போடுகிறாள் என்று நான் சந்தேகப்பட்டேனே, அந்தக் கணக்கு இதுதான். நான் அவள் பக்கத்தில் தொப்பென்று உட்கார்ந்துவிட்டேன். பொய் சொல்லமாட்டேன், ஒரு நிமிஷம் யோசித்தேன். வாயை மூடிக்கொண்டால் என் வேலையும் என் பெருமையும் தப்பும். யாருக்கும் தெரியாது. அவளும் சொல்லமாட்டாள். ஒரு நிமிஷம்தான். பிறகு என்மேலேயே எனக்கு வந்த கோபத்தில் எழுந்து நின்றேன்.

"எந்திரிங்க. கொண்டையை நல்லா முடிஞ்சுக்கங்க" என்று அவள் கையைப் பிடித்து இழுத்தேன்.

மணி நாலே முக்கால். வெல்வெட்காரர் மேனேஜர் அறையில் போனைக் கையில் எடுத்து வைத்துக்கொண்டு உட்கார்ந்திருந்தார். நான் போகிற வழியிலேயே "மாமா! உலைக்காரரே! எல்லாரும் வாங்க!" என்று ஒரு குரல் கொடுத்தேன். அந்தக் குரலுக்கு வராதவர்கள் இல்லை. அறை நிறைந்து வாசலிலும் ஆள் நின்றது.

"கல்லு கெடைச்சிடுச்சு சார்" என்றேன்.

வெல்வெட்காரர் துள்ளி எழுந்தார். "எங்க?"

"என் கலவையில. நான்தான் உலையில கொட்டினேன். இவங்க முறைப்படி சிவப்பு டப்பால போட்டாங்க. பாத்துப் பிரிக்க வேண்டியது நான். பாக்கல. தப்பு என்னோடது, இவங்களோடது இல்ல."

 வெல்வெட்காரர் எங்கள் இருவரையும் மாறிமாறிப் பார்த்தார்.

"நல்ல நாடகம்! நாத்தனாரும் அண்ணியும் கூட்டுச் சேந்து திட்டம் போட்டிருக்கீங்க" என்றார்.

அவ்வளவுதான், அறையே வெடித்துச் சிரித்தது. மாமா கதவைப் பிடித்துக்கொண்டு சிரித்தார். "சார், இவங்க ரெண்டு பேரும் கூட்டா? எலியும் பூனையும் சேந்து கடை போட்டாலும் போடும் சார், இவங்க சேர மாட்டாங்க!" மேனேஜர்கூட மூக்கைத் துடைப்பது போல் கைக்குட்டையை எடுத்து முகத்தை மூடிக்கொண்டார். பதினொரு வருஷச் சண்டை அன்றைக்கு ஒருநாளாவது உதவியது.

மேனேஜர் மேசையில் இரண்டு டம்ளர் வைத்தேன். ஒன்று பழசு, ஒன்று காலையில் ஊதியது. பழைய டம்ளருக்குள் ஒரு தீக்குச்சியைக் கிழித்து நிறுத்தினேன். மூச்சு விடுவதற்குள் எரிந்து கருகிச் சுருண்டது. புது டம்ளருக்குள் இன்னொன்றை நிறுத்தினேன்.

அது எரிந்தது. எரிந்துகொண்டே இருந்தது.

நான் காலையிலிருந்து நடந்ததையெல்லாம் சொன்னேன். உலைக்காரர் தன் விடிய விடியக் கதையைச் சொன்னார். மாமா கைக்கடிகாரத்தைக் கழற்றிக் காட்டினார். சுடர் மெல்ல வளைந்தது, மெல்ல நிமிர்ந்தது. வெல்வெட்காரர் முகத்தில் ரத்தம் இறங்குவதை எல்லாரும் பார்த்தோம். அந்தச் சுடரை எங்கள் எல்லாரையும்விட அவருக்குத்தான் நன்றாகத் தெரியும்.

"முந்நூறு டம்ளர்... உலகத்துல ஒண்ணே ஒண்ணு..." என்று முனகினார். திடீரென்று குரல் ஏறியது. "என் சொத்தை அழிச்சிருக்கீங்க! எல்லா டம்ளரும் என்னோடது. திரும்ப உருக்கி எனக்கு ஒரே கட்டியா குடுங்க. இல்லேன்னா ரெண்டு பேரையும் உள்ள தள்ளுவேன்!"

மேனேஜர் வாயைத் திறந்தார். அவர் சரி என்று சொல்லிவிடுவார் என்று எனக்குப் புரிந்தது. அப்போதுதான் வாசலில் தலைகளுக்கு நடுவே நீட்டிக்கொண்டிருந்த வாசல்காரரின் தொப்பி என் கண்ணில் பட்டது.

"வாசல் நோட்டைக் கொண்டாங்க!" என்று கத்தினேன்.

நோட்டு கைக்குக் கை மாறி வந்தது. நேற்றைய பக்கத்தைப் பிரித்து, அவர் எழுதியிருந்ததை எழுத்துக்கு எழுத்து உரக்கப் படித்தேன்.

"உள்ளே கொண்டுவரும் பொருள்: கண்ணாடித் துண்டு. எண்ணிக்கை: ஒன்று. இது யாரு கையெழுத்து சார்?"

"அது... கல்லுன்னு எழுதினா தெறந்து பாப்பாங்க, வெளிய தெரிஞ்சிடும்னுதான்..."

"எங்களுக்கு அதெல்லாம் தெரியாது சார். நீங்க கொண்டுவந்தது கண்ணாடி. உங்க கையாலயே எழுதியிருக்கீங்க. சங்கு ஊதினப்ப அது எங்க இருந்துச்சு? மேசை மேல. அந்தச் சுவத்துல என்ன எழுதியிருக்குன்னு படிங்க."

அறை ஜன்னல் வழியாகப் பட்டறைச் சுவர் தெரிந்தது. அவர் படிக்கவில்லை. வாசலில் நின்றவர்கள் எல்லாரும் சேர்ந்து படித்தார்கள். பள்ளிக்கூடத்தில்கூட அவர்கள் அத்தனை சத்தமாகப் படித்திருக்க மாட்டார்கள்.

"சங்கு ஊதிய பிறகு மேசைமேல் இருக்கும் கண்ணாடி உலைக்கே சொந்தம்!"

மேனேஜர் நோட்டை வாங்கி மூக்குக்கண்ணாடியை ஏற்றிப் பார்த்தார். நிதானமாக மூடினார். "எழுத்து எழுத்துதான் சார்" என்றார். இருபது வருஷத்தில் முதல்முறையாக அந்த மனுஷன்மேல் எனக்கு மரியாதை வந்தது.

வெல்வெட்காரர் போனைச் சட்டைப்பைக்குள் போட்டுக்கொண்டு பெட்டியை எடுத்தார். நான் வழியை மறித்து நின்றேன்.

"ஒரு பாக்கி இருக்கு. அத்தனை பேர் முன்னால இவங்க முடியை அவுக்க வெச்சீங்க. ஊமைன்னீங்க, திருடின்னீங்க. அதுக்கு?"

அவர் சுற்றிலும் பார்த்தார். ஒருவரும் நகரவில்லை. டம்ளருக்குள் தீக்குச்சி இன்னும் எரிந்துகொண்டிருந்தது. அவர் அண்ணி பக்கம் திரும்பித் தலையைக் குனிந்தார்.

"மன்னிச்சிடுங்கம்மா. தப்பா பேசிட்டேன்."

எல்லாரும் அண்ணியைப் பார்த்தோம். அவள் அவரை மேலும் கீழும் ஒருமுறை பார்த்தாள்.

"ம்" என்றாள்.

அந்த நேரத்தில் சங்கு ஊதியது. அதைவிட எங்கள் ஆரவாரம்தான் அதிகம் கேட்டிருக்கும். உலைக்காரர் விசிலடித்தார். மாமா பெருந்தன்மையாக ஒரு புது டம்ளரைத் துடைத்து வெல்வெட் பெட்டிக்குள் வைத்து அவர் கையில் கொடுத்தார். "இதுக்கு ஒரு மூடி வேணும்னா சொல்லுங்க சார், அளவெடுத்துடறேன்" என்றார். நான் அண்ணியைக் கட்டிப்பிடித்துக்கொண்டு அழுதேன். வாய்விட்டு, மூக்கு ஒழுக, வெட்கமில்லாமல் அழுதேன். போலீஸ் அழைத்துப் போகவேண்டிய வாசல் வழியாக அவள் கொண்டை குலையாமல் நிமிர்ந்து நடந்தாள். வாசல்காரர் எழுந்து நின்று தொப்பியைக் கழற்றினார்.

பிறகு வெல்வெட்காரர் அந்த முந்நூறு டம்ளரைக் கேட்டு ஆஸ்பத்திரிக்கும் போனாராம். அதற்குள் அங்கே தலைமை நர்ஸ் விஷயத்தைக் கண்டுபிடித்திருந்தார். அறுவைச் சிகிச்சைக்குக் கொண்டுபோகிற பனிக்கட்டி கரையவில்லை. குழந்தைகளுக்கான தடுப்பு மருந்தை டம்ளருக்குள் வைத்துத் தொலைதூரத்துக்கு எடுத்துப்போனாலும் ஜில்லென்றே இருந்தது. அந்த அம்மா அவரை வார்டு வாசலிலிருந்தே விரட்டிவிட்டார். எங்கள் மேனேஜருக்குப் போன் போட்டு இன்னும் முந்நூறு கேட்டார். அதே கலவைதான் வேண்டுமாம்! பெட்டிக்குள் தூங்கிக்கொண்டிருந்த கல் இப்போது ராப்பகலாக வேலை பார்க்கிறது.

எங்கள் வீட்டிலும் ஒரு டம்ளர் இருக்கிறது. அண்ணன் வருகிற நாளில் அண்ணி காலையிலேயே அதில் டீ ஊற்றி மூடி வைத்துவிடுவாள். அவன் மத்தியானம் வந்து நாக்கைச் சுட்டுக்கொள்வான்.

எனக்குத் தண்டனை இல்லாமல் இல்லை. சிவப்பு டப்பா என் கையைவிட்டுப் போனது. இனிமேல் அதைப் பார்க்கிற பொறுப்பு அண்ணியுடையது என்று மேனேஜர் எழுதி ஒட்டிவிட்டார். அவள் வெளிச்சத்தில் ஒவ்வொரு துண்டாகப் பிடித்துப் பார்த்து உத்தரவு கொடுக்காமல் நான் ஒரு பிடி உடைசல்கூடப் போடமுடியாது. முதல் நாள் கூடையைத் தூக்கிக்கொண்டு உலையடியில் நின்றேன். அவள் அந்தக் கோடியில் டப்பாவோடு இருந்தாள். நடுவில் உலை கர்ஜித்தது. தலையை ஆட்டுவாள், அதைக் கவனமாகப் பார்க்கவேண்டும் என்று கண்ணை இடுக்கிக்கொண்டு காத்திருந்தேன். பட்டறை முழுக்க வேலையை நிறுத்திவிட்டு எங்களையே பார்த்தது.

அண்ணி டப்பாவைக் கீழே வைத்தாள். இரண்டு கையையும் வாயருகே குவித்தாள். உலை இரைச்சலையும் தாண்டி, என் குரலையும் தூக்கி அடிக்கிற ஒரு குரல் அங்கிருந்து வந்தது.

"கொட்டுடீ!"

கொட்டினேன்.